மூணரை சிலிண்டரும் மதுரைக் கப்பும்

ஜூன் 6, சனி

பேங்க்ல குடுத்த டைரி அஞ்சு மாசமா ஃபிரிட்ஜ் மேல சும்மா கெடந்துச்சு. இன்னைக்கு எழுதியே ஆகணும், இல்லன்னா மண்ட வெடிச்சிரும். முடிவு பண்ணிட்டேன். கண்ணுக்கு லேசர் பண்ணப் போறேன்!

எல்லாம் போன வருசம் மதுரை ஃபைனலால வந்த வென. பேங்க் கேரம் போட்டி, கலப்பு இரட்டையர், கடைசி போர்டு. ரெட்ட நான்தான் போட்டேன். (எங்க அண்ணன் பொண்டாட்டி, மைனிக்கு கேரம் தெரியாது, அவளுக்குச் சொல்லுத மாதிரியே எழுதிருதேன். நடுவுல இருக்க சிவப்புக் காயின்தான் ரெட்டு. அத உள்ள தள்ளுனா மட்டும் பத்தாது, கையோட நம்ம காயின் ஒண்ணையும் போட்டாத்தான் ரெட்டு நமக்கு. அதுக்குப் பேரு ஃபாலோ.) ஃபாலோ வெள்ளைக் காயின் பாக்கெட் வாசல்லயே நிக்கு. ஊதுனாக்கூட விழும். எனக்கு அது ரெண்டாத் தெரிஞ்சுது. ஒண்ணு காயின், இன்னொண்ணு அதோட நெழலு. நான் நெழல அடிச்சேன். மதுரைக்காரங்க கப்ப தூக்கிட்டுப் போயிட்டாங்க.

கண்ணாடி போட்டு ஆடக்கூடாதான்னு எல்லாரும் கேக்காங்க. குனிஞ்சா மூக்குல வழுக்கி போர்டுல விழுதே! ஒருதரம் விழுந்த வேகத்துல காயினத் தள்ளிவிட்டு அம்பயர் ஃபவுல் குடுத்துட்டாரு. கண்ணுக்குள்ள லென்ஸ் வச்சா கேரம் பவுடர் பட்டு மொளகாப்பழம் மாதிரி செவந்துருது. அதனால கண்ணாடியக் கழட்டி வச்சுட்டுதான் ஆடுவேன், எப்பவும்.

பார்ட்னர் ஜெபசிங் சார். அம்பாசமுத்திரம் கிளையில கேஷியர். முப்பத்தொம்பது வயசு. கல்யாணம் ஆகல. (இத எதுக்கு எழுதுனேன்? சும்மா ஒரு தகவலுக்கு.) ஏழு வருசமா எனக்கு எதிர்ல உக்காந்து ஆடுதாரு. பேச்சே கெடையாது. அன்னைக்குத் தோத்தப்பக்கூட "பரவால்ல மேடம்", அவ்வளவுதான். டீ குடிக்கையில கண்ணாடி போட்டுப் பாத்திருக்கேன், சாதாரண மூஞ்சி. ஆனா போர்டுல உக்காந்தா, லைட்டு போர்டுக்கு மேல தொங்குதா, அதுக்குப் பின்னாடி அவரு எனக்கு ஒரு சட்ட, சட்டைக்கு மேல கலக்குன தோசமாவு. அவ்வளவுதான் தெரியும்.

அவரு கிளையிலயும் ஒரு போர்டு இருக்காம். பொறவு எதுக்கு சனிக்கிழம தவறாம பஸ் ஏறி எங்க பாளையங்கோட்டைக் கிளைக்கு வாராருன்னு தெரியல. சில பேருக்கு பஸ் பயணம் புடிக்கும்போல.

ஜூன் 8, திங்கள்

வண்ணாரப்பேட்டையில ஆஸ்பத்திரி. டாக்டர் உலகம்மைன்னு பேரு. என்ன விடச் சின்னப் புள்ள மாதிரி இருக்கா, ஆனா அதட்டல் என்னா அதட்டல்! கண்ண மேப் எடுத்தாங்க, கருவிழி எவ்வளவு கனம்னு அளந்தாங்க, சொட்டு மருந்து விட்டு கண்ணுப் பாப்பாவ விரிய வச்சாங்க. பொறவு டாக்டர் ஒரு படத்தக் காட்டி, "கருவிழி பந்து மாதிரி உருண்டையா இருக்கணும். ஒங்களுக்கு முட்ட மாதிரி ஒரு பக்கம் வளைவு கூட இருக்கு. அதான் எல்லாம் ரெட்டையா இழுபடுது. மூணரை சிலிண்டர் பவர். லேசர் வச்சு அந்த வளைவச் சரி பண்ணிரலாம்"ன்னாங்க.

"முப்பத்திநாலு வயசுல இப்ப எதுக்கு திடீர்னு? கல்யாணமா?"

"கேரம்"னேன்.

டாக்டர் பேனாவ வச்சுட்டு என்ன ஒரு பார்வ பாத்தாங்க. பொறவு, "நாப்பதத் தாண்டுனா வாசிக்க எல்லாருக்கும் கண்ணாடி வரும், ஒங்களுக்கும் வரும். அப்ப வந்து என்கிட்ட சண்ட போடக்கூடாது"ன்னாங்க. சரின்னுட்டேன். நாப்பதுல பாத்துக்கிடலாம். இப்போதைக்கு ஜூலை பன்னெண்டுதான் முக்கியம். அன்னைக்குத்தான் மதுரையில ஃபைனல்.

ஜூன் 9, செவ்வாய்

மைனி சொல்லுதா: "பொண்ணு பாக்க வந்தப்ப கண்ணாடியக் கழட்டுடீன்னு காலப் புடிச்சேன், மாட்டேன்னுட்ட. இப்ப கேரத்துக்குக் கழட்டுதியா?" ஆமா. அதுக்கு என்ன இப்ப?

ஜூன் 10, புதன்

ஜெபசிங் சாருக்கு போன் போட்டு, ரெண்டு வாரம் பிராக்டிஸுக்கு வரமாட்டேன், வெள்ளிக்கிழம ஆப்பரேசன்னு சொன்னேன். "எந்த ஆஸ்பத்திரி மேடம்? எத்தன மணிக்கு?"ன்னு கேட்டாரு. கேஷியருல்லா, எல்லாத்தையும் வெவரமாக் கேட்டுத்தான் பழக்கம்.

ஜூன் 12, வெள்ளி

(எழுதுறது ரூபி. இவளோட மைனி. வீட்டுக்கு வந்ததும் இவ ரெண்டு கண்ணுலயும் பிளாஸ்டிக் மூடி ஒட்டிருக்கேன், தொறக்கக் கூடாது. படுத்துக்கிட்டே வாய் ஓயாமச் சொல்லுதா, நான் எழுதுதேன். அடுப்புல சாள மீன் குழம்பு கெடக்கு, சுருக்கமாச் சொல்லுட்டீன்னு சொல்லிருக்கேன்.)

மொதல்ல உக்கார வச்சு கண்ணு வெள்ளையில பேனாவால புள்ளி வச்சாங்க. படுத்தா கண்ணு லேசா சுத்திருமாம். சிலிண்டர் பவர்காரங்களுக்கு கோணம் துளி மாறுனாலும் தப்பாயிருமாம், அதுக்குத்தான் அடையாளம். பொறவு படுக்க வச்சு இமைக்கு கிளிப் போட்டாங்க. சிமிட்ட முடியாது. மரத்துப்போற மருந்து விட்டதால வலி இல்ல. மேல ஒரு லைட்டு மினுங்குச்சு, அதையே பாரு, அசையாதன்னாங்க. நான் அத ரெட்டுன்னு நெனச்சு குறி வச்சுக்கிட்டே கெடந்தேன். டிக் டிக்னு சத்தம். முடி கருகுன மாதிரி ஒரு வாட. "என்ன டாக்டர் கருகுது?"ன்னேன். "முட்ட வேகுது, பேசாம இருங்க"ன்னாங்க.

(இவ பேசுன பேச்சுல "வாய்க்குப் போட ஒரு கிளிப் இல்லயா"ன்னு டாக்டரம்மா நர்ஸ்கிட்ட கேட்டாங்களாம். இத இவ எழுதச் சொல்லல.)

உக்காந்த சூடு ஆறுறதுக்குள்ள முடிஞ்சுபோச்சு. வெளிய வரும்போது பெரிய கறுப்புக் கண்ணாடி ஒண்ண மாட்டி விட்டாங்க. எல்லாம் பனி போட்ட மாதிரி இருந்துச்சு. ஆட்டோவுல ஏறயில யாரோ கதவுகிட்ட நின்னு, தல இடிக்காம கைய வச்சுப் புடிச்சாங்க. நீலச் சட்ட மட்டும் தெரிஞ்சுது. அந்த ஆட்டோக்காரரு நல்லா இருக்கட்டும்.

(ஆட்டோக்காரன் காக்கி போட்டு வண்டிக்குள்ளதான் உக்காந்திருந்தான். நான் ஒண்ணும் சொல்லல. குழம்பு பொங்குது, வைக்கேன்.)

ஜூன் 13, சனி

ஸ்தோத்திரம்! ஸ்தோத்திரம்! ஸ்தோத்திரம்!

காலையில ஆஸ்பத்திரில மூடிய எடுத்தாங்க. செவத்துல கடைசி வரி எழுத்து, எறும்பு மாதிரி இருக்குமே, அத வாசிச்சேன். கண்ணாடி இல்லாம! நர்ஸ கட்டிப் புடிச்சுட்டேன். அந்தப் பொண்ணு "அக்கா, கண்ணக் கசக்கிராதீங்க, அழாதீங்க"ன்னு கத்துது.

வர்ற வழியெல்லாம் போர்டு வாசிச்சுக்கிட்டே வந்தேன். பல் ஆஸ்பத்திரி. பழைய பேப்பர் கடை. மொட்ட மாடி வாடகைக்கு. மைனி காதப் பொத்திக்கிட்டா. வீட்டுக்கு வந்து பாத்தா ஃபேன்ல அழுக்கு, ஜன்னல் கம்பியில அழுக்கு, மிக்ஸி மேல அழுக்கு. "இவ்வளவு அழுக்குக்குள்ளயா மைனி இருந்தோம்?"னேன். "கண்ணு தெரிஞ்சுதுல்லா, வெளக்கமாத்த எடு"ன்னுட்டா. தூசி ஆகாதுன்னு டாக்டர் சொல்லிருக்காங்கன்னு தப்பிச்சுட்டேன். தலைக்குத் தண்ணி கூடாது, அடுப்புப் புக கூடாது, மை கூடாது. நல்ல ஆஸ்பத்திரி!

மூக்குல இல்லாத கண்ணாடிய வெரலால தூக்கித் தூக்கி விட்டுக்கிட்டே இருக்கேன். தெருலைட்டு எல்லாத்துக்கும் முந்தி ரெண்டு பக்கமும் மீச இருக்கும். இப்ப மீச போயிருச்சு, சுத்தி லேசா ஒரு வளையம் மட்டும் இருக்கு. கொஞ்ச நாள்ல அதுவும் போயிருமாம்.

மைனி எழுதுன பக்கத்த வாசிச்சேன். காக்கியாம்! கறுப்புக் கண்ணாடி வழியாப் பாத்தா காக்கி நீலமாத்தான் தெரியும்போல.

ஜூன் 14, ஞாயிறு

கறுப்புக் கண்ணாடியோட சர்ச்சுக்குப் போனேன். காணிக்கத் தட்டு கொண்டாந்தவரு பாவப்பட்டு என்னத் தாண்டிப் போயிட்டாரு.

ஜூன் 27, சனி

ஐயோ. ஐயோ. ஐயோ.

ரெண்டு வாரம் கழிச்சு இன்னைக்குத்தான் போர்டுகிட்ட போனேன். பேச்சிமுத்து சார் (எங்க ஸ்போர்ட்ஸ் செயலாளர்) பவுடர் போட்டுத் தேச்சு லைட்டப் போட்டாரு. ஆகா! காயின் எல்லாம் காயின் மாதிரி வட்டமா இருக்கு. கோடெல்லாம் கோடு மாதிரி நேரா இருக்கு. மதுரைக்காரங்களுக்கு இருக்கு இந்த வருசம்னு நெனச்சுக்கிட்டேன். மொத அடியிலயே ஒரு வெள்ள விழுந்துச்சு. சந்தோசத்துல நிமிந்து பாத்தேன்.

எதிர்ல ஒரு மூஞ்சி இருந்துச்சு.

தோசமாவு இல்ல. மூஞ்சி! புருவம், கண்ணு, எல்லாம் வச்சு. அது சிரிச்சுது. மொதல்ல காயினப் பாத்து, பொறவு என்னப் பாத்து. என்னமோ நான் அவருக்கு ஊட்டி விட்ட மாதிரி ஒரு சிரிப்பு. ஏழு வருசமா நான் போட்ட ஒவ்வொரு காயினுக்கும் இப்படித்தான் சிரிச்சுக்கிட்டு இருந்திருக்காரா இந்த மனுசன்? யார்கிட்டயும் சொல்லாம?

அடுத்த அடிக்குக் குனிஞ்சேன். ஓரக்கண்ணுல தெரியுது, அவரு ஒதட்டக் கடிச்சுக்கிட்டு மூச்சப் புடிச்சிருக்காரு. நான் எந்தப் பக்கம் சாயுதேனோ அந்தப் பக்கம் சாயுதாரு. ஸ்ட்ரைக்கர் போர்ட விட்டு வெளிய பறந்து பேச்சிமுத்து சார் டீ கிளாஸ்ல விழுந்துச்சு.

அதுக்கப்பறம் ஒண்ணுகூட விழல. ஒண்ணுகூட!

லேசர்ல ஏதோ கோளாறு. கோணம் தப்பிருச்சு. புள்ளி வச்ச பேனா சரியில்ல. நெஞ்சு வேற படபடங்குது, அது சொட்டு மருந்தோட பக்க விளைவா இருக்கும்.

ஜூன் 28, ஞாயிறு

கீழ்வீட்டு டீச்சரக்காவோட அவங்க வீட்டு போர்டுல ஆடுனேன். பொத்துப் பொத்துன்னு எல்லாம் விழுது. டீச்சரக்கா ஒரு காயின்கூடத் தொடல. அப்ப கண்ணு நல்லாத்தான இருக்கு? பேங்க் போர்டுதான் கோணல்.

ஜூன் 30, செவ்வாய்

எதுக்கும் இருக்கட்டும்னு டாக்டர்கிட்ட சண்டைக்குப் போனேன். திரும்பவும் மேப் எடுத்தாங்க, எழுத்து வாசிக்கச் சொன்னாங்க. சிலிண்டர் பூஜ்யமாம். "பாடப்புத்தகத்துல போடலாம் ஒங்க கண்ண"ன்னாங்க.

"பொறவு ஏன் டாக்டர் காயின் விழ மாட்டேங்குது?"

"எப்ப விழ மாட்டேங்குது?"

"பேங்க் போர்டுல."

"வேற போர்டுல?"

"விழுது. டீச்சரக்காகூட ஆடுனா விழுது."

"பேங்க்ல யாருகூட ஆடுதீங்க?"

"எதிர்ல என் பார்ட்னர் உக்காந்திருப்பாரு."

"ஆம்பளையா?"

"ஆமா, ஜெபசிங் சார். அதுக்கும் கண்ணுக்கும் என்ன டாக்டர் சம்பந்தம்?"

டாக்டர் திரும்பி கம்ப்யூட்டரப் பாத்துச் சிரிச்சாங்க. தோள்பட்ட குலுங்குனத நான் பாத்துட்டேன், இப்பதான் எல்லாம் நல்லாத் தெரியுதே! கண்ணீர்ச் சொட்டு மட்டும் எழுதிக் குடுத்து, கறுப்புக் கண்ணாடிய இன்னும் கொஞ்ச நாளைக்கு வெயில்ல போடணும்னு ஒரு சீட்டும் தந்தாங்க. "இது லேசரால வந்தது இல்லம்மா. லேசரால தெரிஞ்சது"ன்னாங்க.

இவங்கள்லாம் படிச்ச டாக்டரா? ஒரு நோய்க்குப் பேரு சொல்லத் தெரியல.

ஜூலை 4, சனி

போர்ட மாத்திப் பாத்தோம். லெவல் பாத்தோம். ஸ்ட்ரைக்கர மாத்துனோம். எடத்த மாத்தி உக்காந்தோம், அங்க போயி உக்காந்தாலும் அவரு எதிர்லதான வருவாரு! அவரு மூஞ்சி தெரியக் கூடாதுன்னு போர்டுல தாடை படுற அளவுக்குக் குனிஞ்சு அடிச்சேன். தாடையெல்லாம் பவுடர்.

பேச்சிமுத்து சார் பொறுத்துப் பொறுத்துப் பாத்துட்டுச் சொன்னாரு: "இந்தா பாரும்மா, போன வருசம் போல இந்த வருசமும் மதுரைக்காரன் முன்னால தலையக் குனிஞ்சிட்டு நிக்க முடியாது. புதன்கிழம இன்னொரு தடவ பாப்போம். சரிப்படலன்னா ஜெபசிங்கு கூட மணிமேகலையப் போட்டுருவோம்."

"மணிமேகலை மேடத்துக்கு என் ஆட்டம் பழக்கமில்ல சார்"ன்னாரு ஜெபசிங் சார்.

"பழகிக்கிடும்வே."

ஜெபசிங் சார் போர்டுல பவுடரே இல்லாத எடத்துல கைய வச்சு தேச்சுக்கிட்டே இருந்தாரு. நான் தண்ணி குடிக்க எந்திரிச்சுப் போயிட்டேன்.

ஜூலை 5, ஞாயிறு

மணிமேகலை நல்ல ஆட்டக்காரிதான். அமைதியான பொண்ணு. நல்ல பல்லு வரிச. அவ அந்தச் சீட்டுல உக்காந்தா எனக்கு என்ன? கப்பு வந்தாச் சரி.

குழம்புல உப்பே இல்லன்னு மைனிகிட்ட சண்ட போட்டேன். உப்பு இருந்துச்சாம்.

அந்தச் சீட்டு என்னோடது. ஏழு வருசமா நான் உக்காந்த சீட்டு.

ஜூலை 8, புதன்

கண்டுபுடிச்சிட்டேன்! நான் யாரு!

வெயில்ல கறுப்புக் கண்ணாடிய மாட்டிக்கிட்டுப் போனேனா, பஸ்ஸில எவனோ கால மிதிச்ச கடுப்புல அதக் கழட்ட மறந்து அப்படியே போர்டுல உக்காந்துட்டேன். போர்டு லைட்டு வெளிச்சத்துல காயின் எல்லாம் தெரியுது. லைட்டுக்குப் பின்னாடி கும்மிருட்டு! மூஞ்சி இல்ல, புருவம் இல்ல, சிரிப்பு இல்ல, ஒரு சட்ட மட்டும். அடிச்சேன் பாரு! நேர் அடி, ஓர அடி, சுவத்துல மோதி வர்ற அடி, எல்லாம் விழுது. பேச்சிமுத்து சார் எந்திரிச்சு நின்னு கைதட்டுனாரு. மணிமேகலைக்கு போன் போட்டு வர வேண்டாம்மான்னுட்டாரு.

ஜெபசிங் சார்தான் பக்கத்துல வந்து, "கண்ணு வலிக்கா மேடம்? லேசர் சரியா அமையலியா?"ன்னு கேட்டாரு.

"லைட்டு கூசுது சார்."

ஒடனே நாற்காலியில ஏறி லைட்டச் சுத்தி பேப்பர் கட்டப் போயிட்டாரு. "வேண்டாம் சார், எறங்குங்க, அப்பறம் காயினும் தெரியாது!"ன்னு கத்துனேன். நாற்காலி வேற ஆடுது. நல்ல மனுசன்தான். ஆனா எதிராளி மூஞ்சியில வெளிச்சம் இல்லாம இருக்கதுதான் எனக்கு நல்லது.

எதிராளின்னு எழுதிட்டேன். பார்ட்னர்.

ஜூலை 11, சனி, மதுரை

அரையிறுதியில சேலத்துக்காரங்கள ஊதித் தள்ளிட்டோம். கறுப்புக் கண்ணாடி வாழ்க! எல்லாரும் வந்து கையக் குலுக்குனாங்க. "லேசர் அம்மா"ன்னு பேரு வச்சுட்டாங்க.

கடைசிக் காயின நான்தான் போட்டேன். அவரு சிரிச்சிருப்பாரு. தெரியல. நிமிந்து பாத்தேன், இருட்டு. கண்ணாடியக் கழட்டுறதுக்குள்ள எந்திரிச்சு தண்ணி குடிக்கப் போயிட்டாரு.

ஜெயிச்ச மாதிரியே இல்ல. ரூம்ல ஃபேன் சத்தம் வேற. கண்ணு எரியுது. சொட்டு விட்டேன், பொறவும் எரியுது.

ஜூலை 12, ஞாயிறு

எங்கருந்து ஆரம்பிக்க?

ஃபைனல். எதிரணி அதே மதுரை ஜோடி. மொத கேம் கறுப்புக் கண்ணாடியோட ஆடி ஜெயிச்சோம். ரெண்டாவது கேம் ஆரம்பிக்கப் போகையில மதுரைக்காரி சரளா கையத் தூக்குனா. "அண்ணே, இந்தம்மா கறுப்புக் கண்ணாடிக்குள்ள இருந்துக்கிட்டு பார்ட்னருக்குக் கண்ணக் காட்டுறாகளா இல்லையான்னு நமக்கு எப்புடித் தெரியும்? கழட்டச் சொல்லுங்க"ன்னா.

நானாவது கண்ணக் காட்டுறதாவது! அதுக்குப் பயந்துதானம்மா அதப் போட்டிருக்கேன்!

அம்பயர் நியாயமான ஆளு. "டாக்டர் சீட்டு இருந்தா போட்டுக்கலாம்மா. இருக்கா?"ன்னாரு.

சீட்டு கைப்பையிலதான் இருந்துச்சு. கைய விட்டுத் தேடுனேன். வெரல்ல பட்டுச்சுன்னுகூடச் சொல்லலாம். ஆனா கெடைக்கல. ஆழமான கைப்ப அது. "இல்ல சார்"னு சொல்லிட்டு கண்ணாடியக் கழட்டி உள்ள வச்சேன். பேச்சிமுத்து சார் தலையில கைய வச்சுக்கிட்டாரு.

நிமிந்து பாத்தேன். நீலச் சட்ட. அதுக்கு மேல அந்த மூஞ்சி.

ரெண்டாவது கேம் போச்சு. சொல்லவே வெக்கமா இருக்கு, அவ்வளவு மோசமாப் போச்சு. மூணாவது கேம ஜெபசிங் சார்தான் ஒத்த ஆளாத் தாங்கிப் புடிச்சாரு. அவரு போட்டுக்கிட்டே வர, நான் விட்டுக்கிட்டே வர, எப்படியோ கடைசி போர்டு வரைக்கும் சரிசமமா வந்துட்டோம். போர்டுல ரெட்டு, எங்க வெள்ள ஒண்ணு, அவங்க கறுப்பு ஒண்ணு. ரெட்டும் ஃபாலோவும் யாரு போடுதாங்களோ அவங்களுக்குக் கப்பு. ஆட்டம் என் கையில.

போன வருசம் மாதிரியே. அப்படியே.

ஸ்ட்ரைக்கர வச்சுட்டு நிமிந்து பாத்தா, அவரு கண்ண மூடிக்கிட்டு உக்காந்திருக்காரு. இறுக்க மூடிக்கிட்டு, ஊசி போடப்போற புள்ள மாதிரி. மொதல்ல ஜெபம் பண்ணுதாருன்னு நெனச்சேன். பொறவுதான் வெளங்குச்சு. அவரு கவனிச்சிருக்காரு. அவரு பாக்கயிலதான் எனக்கு விழ மாட்டேங்குதுன்னு கண்டுக்கிட்டாரு. எனக்காக மூடிருக்காரு. ஏழு வருசம் தன் கண்ணு முன்னால நான் போட்ட காயின ஒண்ணு விடாமப் பாத்த மனுசன், இந்தக் கடைசிக் காயின, கப்பு காயின, பாக்க மாட்டேன்னு உக்காந்திருக்காரு.

எனக்கு ஆத்திரம் வந்துச்சு பாரு! அப்படி ஒரு ஆத்திரம்!

"அம்பயர் சார், பார்ட்னர்கிட்ட ஆட்டத்தப் பத்திப் பேசக் கூடாது, தெரியும். இது ஆட்டத்தப் பத்தி இல்ல. அவரக் கண்ணத் தொறக்கச் சொல்லுங்க."

"அது அவரு கண்ணும்மா. நான் எப்படிச் சொல்ல?"

சுத்தி நின்னவங்க எல்லாம் சிரிச்சாங்க. சரளாகூடச் சிரிச்சா. அவரு தொறந்தாரு. நான் நேராப் பாத்தேன். எடது கண்ணுக்குக் கீழ ஒரு சின்னத் தழும்பு இருக்கு, எனக்குத் தெரியவே தெரியாது. நெஞ்சு படபடன்னு அடிக்கு. சரி அடிச்சுக்கோன்னு விட்டுட்டேன். அது பாட்டுக்கு அது, கை பாட்டுக்குக் கை. இனிமே ரெண்டும் சேந்துதான் ஆடணும், பழகிக்கிட வேண்டியதுதான்னு நெனச்சு அடிச்சேன்.

ரெட்டு விழுந்துச்சு.

ஃபாலோ. வெள்ளைக் காயின் பாக்கெட் வாசல்ல நிக்கு. நெழலு இல்ல, ரெட்ட இல்ல. ஒண்ணே ஒண்ணு. மெதுவாத் தட்டுனேன்.

நான் காயினப் பாக்கல. சத்தம்தான் கேட்டுச்சு. அவரு சிரிச்சதப் பாத்துக்கிட்டு இருந்தேன்.

பேச்சிமுத்து சார் நாற்காலி மேல ஏறிட்டாரு. எங்க ஆளுங்க கத்துன கத்துல லைட்டு ஆடுது. அந்தக் கலவரத்துக்கு நடுவுல ஜெபசிங் சார் போர்டத் தாண்டிக் கைய நீட்டி, "பரவால்ல மேடம்"ன்னாரு.

"ஜெயிச்சதுக்குமா சார் பரவால்ல?"

"பழக்கத்துல வந்துருச்சு"ன்னு தலையச் சொறிஞ்சாரு. கைய விடல. நானும் விடல. பவுடர் கை வழுக்கும்லா, இறுக்கித்தான் புடிக்கணும்.

ஜூலை 13, திங்கள்

எல்லாரும் வேன்ல திரும்புனாங்க. வேன்ல எனக்கும் எடம் இருந்துச்சுதான். ஆனா வேன்ல ஏசி. ஏசியில கண்ணு காஞ்சிரும்னு டாக்டர் சொல்லிருக்காங்க. அதனால நான் பஸ்ஸுல போறேன்னேன். ஜெபசிங் சார் தனக்கும் ஏசி ஒத்துக்கிடாதுன்னாரு. அவருக்கு எந்த டாக்டர் சொன்னாங்களோ!

நாகர்கோவில் பஸ். கப்ப மடியில வச்சுக்கிட்டா கால் மரத்துப்போகுதுன்னு மேல கம்பியில வச்சோம். விருதுநகர் தாண்டுச்சு. பொறவு நான்தான் கேட்டேன்.

"ஜூன் பன்னெண்டாந்தேதி எங்க இருந்தீங்க?"

"லீவுல."

"லீவுல எங்க?"

ஜன்னலப் பாத்துக்கிட்டே, "ஆஸ்பத்திரி வாசல்ல"ன்னாரு. "ஒங்க மைனிகிட்ட சொல்ல வேண்டாம்னு கேட்டுக்கிட்டேன்."

"ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்லா? ஏழு வருசமா?"

"சனிக்கிழம தவறாம மூஞ்சியிலயே சொல்லிக்கிட்டுத்தான இருந்தேன்? நீங்க கண்டுக்கவே இல்ல. புடிக்கலபோலன்னு நெனச்சுக்கிட்டேன்."

"சார், எனக்கு மூணரை சிலிண்டர் பவர்!"னேன். பஸ்ஸே திரும்பிப் பாத்துச்சு. எனக்குச் சிரிப்பு அடக்க முடியல. சிரிச்சு சிரிச்சுக் கண்ணுல தண்ணி வந்துருச்சு, ரெண்டு மாசத்துக்கு அழக் கூடாது கசக்கக் கூடாதுன்னு சொல்லிருக்காங்க, அவரு பதறிப்போயி என் கையப் புடிச்சுக்கிட்டாரு, கசக்கிராம இருக்க. திருநெல்வேலி வர வரைக்கும் புடிச்சுக்கிட்டேதான் இருந்தாரு. மருத்துவ காரணம்.

பெனினான்னு என் பேரச் சொல்லிக் கூப்பிட்டாரு. மேடம் இல்லாம. நல்லாத்தான் இருக்கு.

வீட்டுக்குள்ள நொழஞ்சதும் மைனி கேட்டா, "கப்பு எங்கட்டி?"

நான் கையப் பாத்தேன். தோளப் பாத்தேன். கர்த்தாவே! ரெண்டு பேரும் வெறுங்கையோட எறங்கிட்டோம். கப்பு கம்பியிலயே உக்காந்து நாகர்கோவில் போயிருச்சு. ஒரு வருசமாத் தூக்கம் கெட்டு, கண்ணையே செதுக்கி வாங்குன கப்பு!

டிப்போவுக்கு போன் போட்டோம். பத்திரமா இருக்காம். நாளைக்கு ரெண்டு பேரும் லீவு போட்டுட்டு நாகர்கோவில் போறோம்.

"ஒரு கப்ப எடுத்துட்டு வர ரெண்டு ஆளு எதுக்குட்டி?"ன்னு மைனி கேக்கா.

கப்பு நல்ல கனம்லா.